பனங்கொட்டைப் பூரானை வைத்து 'ஹோஸ்டோரியம்' படிப்போம்

உயர்தர உயிரியல் மாணவருக்கு ஹோஸ்டோரியம் என்ற சொல் பெரும்பாலும் குருவிச்சையோடுதான் அறிமுகமாகும். ஒட்டுண்ணி, விருந்துவழங்கி, உறிஞ்சுதல் என்று மூன்று சொல்லைப் பாடமாக்கினால் அந்தப் பகுதி முடிந்துவிடும். ஆனால் பனங்கொட்டையைப் பிளந்து நாம் சாப்பிடுகிற பூரானும் ஹோஸ்டோரியம்தான். பூரான் எவரிடமும் களவெடுப்பதில்லை; தாய்ப்பனை கட்டிக்கொடுத்த சாப்பாட்டைத்தான் எடுக்கிறது. பிறகு ஏன் இரண்டுக்கும் ஒரே பெயர்?

வாசித்து விளங்குவதைவிட வெட்டிப் பார்த்து விளங்குவது நல்லது. நெல்லிலும் சோளத்திலும் இதே வேலையைச் செய்கிற பகுதி இருக்கிறது. ஆனால் அது மெல்லிய தகடு, கைவில்லை இல்லாமல் பிடிபடாது. பனையில் அதுவே உள்ளங்கையை நிரப்பும் அளவுக்கு வளரும். யாழ்ப்பாணத்து மாணவருக்கு இதைவிட நல்ல மாதிரி கிடையாது.

சொல்லின் பொருள்

ஹோஸ்டோரியம், 'அள்ளிக் குடித்தல்' என்று பொருள்படும் இலத்தீன் வினையிலிருந்து வந்தது. தமிழில் பருகி என்பார்கள். பெயர் செய்கிற வேலையைக் குறிக்கிறது, உறுப்பின் வகையை அல்ல. ஓர் இழையம் உணவுள்ள இன்னோர் இழையத்துக்குள் புகுந்தோ, அதை ஒட்டி வளர்ந்தோ, அங்கிருப்பதை உறிஞ்சித் தன் உடலுக்கு அனுப்பினால் அது பருகி. குருவிச்சையில் வேர் மாறி அப்படி ஆகிறது. சாம்பல் நோய்ப் பங்கசில் இழையின் ஒரு கிளை அப்படி ஆகிறது. பனையில் வித்திலையின், அதாவது விதைக்குள் முளையத்தோடு இருக்கும் இலையின், நுனி அப்படி ஆகிறது.

அதனால் இந்தச் சொல் எங்கே வந்தாலும் மூன்று கேள்வி கேட்க வேண்டும்: எந்த உறுப்பின் பகுதி இது? எதிலிருந்து உறிஞ்சுகிறது? யாருக்காக? மூன்றுக்கும் விடை சொல்ல முடியாவிட்டால் சொல்லை இன்னும் விளங்கிக்கொள்ளவில்லை என்று பொருள். கீழே வருகிற செய்முறை முழுவதும் பனைக்கு இந்த மூன்று விடையையும் கண்ணால் காண்பதற்காகத்தான்.

தேவையானவை

பனங்கொட்டை 30. நான்கு கட்டத்துக்கும் ஐந்து ஐந்தாக 20, முளைக்காமல் போவதற்கு ஈடாக 10. இரும்பறுக்கும் வாள் ஒன்று, பாரமான கத்தி ஒன்று, நடுவில் குழி செதுக்கிய மரக்கட்டை, அளவுகோல், மருந்துக்கடையில் காயத்துக்கு வாங்கும் அயடீன் கரைசல், ஒரு கொப்பி.

படி 1: கொட்டை தெரிதல்

ஆடி, ஆவணியில் தானாக விழுந்த பழத்தின் கொட்டையை எடுங்கள். களி பிசைந்தெடுத்த கொட்டையும் சரி. ஆனால் தும்பில் களி நிறைய ஒட்டியிருந்தால் வண்டு வரும், பூஞ்சணம் பிடிக்கும், ஆகவே கழுவிவிடுங்கள். கையில் தூக்கினால் பாரமாக இருக்க வேண்டும். ஓடு வெடித்தது, துளை விழுந்தது வேண்டாம். மாதக்கணக்கில் வெயிலில் கிடந்ததும் வேண்டாம். உள்ளே கன்றாக வளரவேண்டிய முளையம் காய்ந்து செத்திருக்கும், வெளியிலிருந்து பார்த்தால் ஒரு வித்தியாசமும் தெரியாது.

ஒரு பழத்தில் ஒன்று முதல் மூன்று கொட்டை இருக்கும். மூன்று கொட்டைப் பழத்தில் ஒவ்வொன்றின் பக்கமும் தட்டையாக இருக்கும். செய்முறைக்கு எதுவும் ஆகும், ஆனால் அளவெடுத்து ஒப்பிடப் போவதால் 30ஐயும் ஏறத்தாழ ஒரே பருமனில் எடுங்கள்.

படி 2: பாத்தி போடுதல்

பனங்கிழங்குக்குப் போடுகிற அதே பாத்திதான், சிறிய அளவில். நிலத்தைத் தோண்ட வேண்டாம். மணலை அல்லது மணல் கலந்த மண்ணைக் குவித்து 1 மீற்றர் நீளம், 75 சென்ரிமீற்றர் அகலம், 75 சென்ரிமீற்றர் உயரத்தில் மேடாக்குங்கள். உயரத்தைக் குறைக்கக் கூடாது. பனையின் முளை மேலே வராது, கீழே போகும். வலிகாமத்துச் செம்மண்ணில் பல இடங்களில் கொஞ்சம் ஆழத்திலேயே சுண்ணாம்புக்கல் வந்துவிடும். முளை கல்லில் முட்டினால் வளைந்து, மெலிந்து, அளவெடுக்கவே முடியாத உருவத்தில் வரும். வடமராட்சி கிழக்குப் பக்கம் போல ஆழமான மணல் உள்ளவர்களுக்கு இந்தக் கவலை குறைவு, என்றாலும் மேடு போட்டால் பிடுங்குவது இலகு.

கொட்டைகளை மேட்டின் மேல் நெருக்கமாக ஒரே அடுக்காக அடுக்குங்கள். பழத்தின் காம்புப் பக்கத்துக்கு எதிர்முனையில்தான் முளை வருகிற துளை இருக்கிறது. அந்த முனை கீழ்நோக்கி இருக்கட்டும். மேலே 5 சென்ரிமீற்றர் மண், அதற்கு மேல் கஞ்சல் அல்லது பழைய ஓலை.

புரட்டாதியில் போட்டால் ஐப்பசி மழை வந்து சேரும். அதுவரை இரண்டு நாளுக்கு ஒரு வாளி, அதாவது 10 லீற்றர் அளவு தண்ணீர் போதும். பாத்தியின் அடியில் தண்ணீர் தேங்கி நின்றால் முளையின் நுனி அழுகும். மேட்டைச் சுற்றி வாய்க்கால் வெட்டிவிடுங்கள்.

படி 3: முளைக்காத கொட்டையை அறுத்தல்

பாத்தி போடுகிற அன்றே ஐந்து கொட்டையை எடுத்து அறுங்கள். இந்தக் கட்டத்தில் கத்தி வேண்டாம், வழுக்கிக் கையில் படும். கட்டையின் குழியில் கொட்டையை இறுக்கி வைத்து, துளையுள்ள முனையிலிருந்து நீளவாட்டில் வாளால் அறுக்க வேண்டும். பொறுமை தேவை.

வெளியே தும்பு, அடுத்து கறுத்த ஓடு. ஓடு பழத்தின் உட்பகுதி. விதை அதற்குள்தான் தொடங்குகிறது. உள்ளே தந்தம் மாதிரி வெள்ளையாகவும் கடினமாகவும் இருப்பது வித்தகவிழையம், அதாவது கன்றுக்கான உணவுச் சேமிப்பு. நுங்காக இருந்தபோது நாம் உறிஞ்சிக் குடித்ததும் இதைத்தான். முற்றி இப்படி ஆகிவிட்டது. நடுவில் ஒரு வெற்றிடம் இருக்கும். துளைக்கு நேர் உள்ளே, ஒரு சென்ரிமீற்றரைக்கூட எட்டாத சிறு முளை மாதிரி இருப்பது முளையம்.

வெள்ளைப் படையின் தடிப்பை மூன்று இடத்தில் அளந்து சராசரியைக் கொப்பியில் எழுதுங்கள். பூரான் என்ற இடத்தில் பூச்சியம் போடுங்கள். பூரான் இன்னும் பிறக்கவில்லை.

படி 4: மூன்று நான்கு வாரத்தில்

அடுத்த ஐந்தைக் கவனமாகத் தோண்டி எடுங்கள். துளையிலிருந்து வெளிறிய குழாய் ஒன்று கீழ்நோக்கிப் புறப்பட்டிருக்கும். இதை வேர் என்று எழுதுவதுதான் தொடக்கத்தில் எல்லோரும் செய்கிற பிழை. இது வித்திலையின் நீண்ட காம்பு. முளைவேரும் முளைத்தண்டும் இதன் நுனியில் இருக்கின்றன. வித்திலை அவற்றைச் சுமந்துகொண்டு மண்ணுக்குள் இறங்குகிறது. தாய்க்கொட்டையிலிருந்து எட்டத்தில், ஆழத்தில் போய்த்தான் கன்று உருவாகும். வரட்சியும் தீயும் மேய்ச்சலும் உள்ள நிலத்தில் வளரும் நுனியைக் காப்பாற்ற இதைவிடப் பாதுகாப்பான வழி இல்லை.

இப்போது கொட்டையைப் பிளவுங்கள். துளைப் பக்கம், வெற்றிடத்துக்குள் தலை நீட்டிக்கொண்டு ஒரு சிறு வெள்ளை உருண்டை. அதுதான் பூரானின் தொடக்கம். குழாயையும் உருண்டையையும் பிரிக்காமல் நீளவாட்டில் வெட்டினால் இரண்டும் ஒரே உறுப்பின் இரு முனை என்பது தெளிவாகத் தெரியும். வெளியே போனது காம்பு, உள்ளே தங்கியது நுனி. முதற் கேள்விக்கு விடை கிடைத்துவிட்டது.

ஐந்தில் இரண்டு மூன்று முளைக்காமல் இருந்தால் அவற்றைத் திரும்பப் புதைத்துவிட்டு மிகையாக வைத்த பத்திலிருந்து எடுங்கள். எல்லாக் கொட்டையும் ஒரே நாளில் முளைக்காது.

படி 5: இரண்டு மாதத்தில்

முழுச் செய்முறையிலும் முக்கியமான கட்டம் இதுதான். அவசரப்பட வேண்டாம்.

முளை வளர்ந்த கொட்டையின் ஓடு கொஞ்சம் தளர்ந்திருக்கும். கட்டையில் வைத்துக் கத்தியால் இரண்டு மூன்று வெட்டில் பிளக்கலாம். உள்ளே வெற்றிடம் இல்லை. வெளிர்மஞ்சள் சாயலுள்ள வெள்ளைப் பூரான் அதை முழுக்க நிரப்பியிருக்கும். விரலால் அமுக்கினால் உள்ளே போய் மீளும். வெட்டு முகத்திலிருந்து இனிப்பான சாறு கசியும். வெளிப்பரப்பு வழுவழுப்பாக இருக்கும்.

பூரானைக் கிளப்பிவிட்டு, அது தொட்டுக்கொண்டிருந்த வெள்ளைப் படையை நகத்தால் சுரண்டுங்கள். உட்பக்கம் மெதுவாக, பசையாக உரிந்து வரும். ஓட்டுப் பக்கம் நகம் வேலை செய்யாது, இன்னும் தந்தம்தான். கரையும் எல்லை எங்கே என்று விரலே சொல்லிவிடும். வித்தகவிழையத்தின் கலச்சுவர்கள் மனன் என்ற பல்சக்கரைட்டால், அதாவது பல வெல்ல அலகுகள் சேர்ந்த பொருளால், தடித்தவை. அந்தக் கடினத்துக்குக் காரணமும் அதுதான், கன்றின் உணவும் அதுதான். நொதியங்கள் அதைச் சிறு வெல்லங்களாக உடைக்கின்றன. பூரான் மேற்பரப்பால் அவற்றை உறிஞ்சி, உள்ளே ஓடும் கலனிழைகள் வழியாகக் காம்புக்கு அனுப்புகிறது. பூரானுக்கும் வெள்ளைப் படைக்கும் இடையே குழாய் இணைப்பு எதுவும் கிடையாது, தொடுகை மட்டுமே. அதனால்தான் பூரான் வெற்றிடத்தை முழுக்க நிரப்பி ஒவ்வொரு பக்கமும் ஒட்டிக்கொள்கிறது.

மீண்டும் தடிப்பை அளந்து எழுதுங்கள். பூரானின் அகலத்தையும் எழுதுங்கள். ஒன்று குறைய மற்றது கூடுவது எண்ணிலேயே தெரியும். இரண்டாவது கேள்விக்கு விடை அது.

பூரான் கபிலமாகி, புளித்த மணம் வந்தால் ஓட்டில் எங்கோ வெடிப்பு இருந்து பங்கசு புகுந்திருக்கிறது. அந்தக் கொட்டையின் அளவைக் கணக்கில் சேர்க்காதீர்கள், சாப்பிடவும் வேண்டாம். நல்ல பூரானைத் தாராளமாகச் சாப்பிடலாம். பதம் இந்தக் கட்டத்தில்தான்.

படி 6: தை மாதம், அயடீன் சோதனை

மூன்று நான்கு மாதத்தில் கிழங்கு பருத்துவிடும். கடைசி ஐந்தைக் கொட்டையோடு சேர்த்துப் பிடுங்குங்கள். பூரான் பெரும்பாலும் சுருங்கி, பழுப்பேறி, நீர்த்துப் போயிருக்கும். வெள்ளைப் படை கரைந்து ஊமல், அதாவது வெறும் ஓடு, மட்டும் மிஞ்சும். போன உணவு எங்கே?

அயடீன் கரைசலின் ஒரு பங்கைப் பத்துப் பங்கு தண்ணீரில் கலந்து, வெறும் தேத்தண்ணி நிறத்துக்குக் கொண்டுவாருங்கள். கடும் நிறத்தில் விட்டால் எல்லாமே கறுப்பாகத் தெரிந்து ஏமாற்றும். பிடுங்கிய பச்சைக் கிழங்கின் வெட்டு முகத்தில் ஒரு துளி, மிகையாக இருக்கும் முளைக்காத கொட்டை ஒன்றின் வெள்ளைப் படையில் ஒரு துளி. கிழங்கு கருநீலமாகும், அதாவது மாப்பொருள். வெள்ளைப் படை அயடீனின் நிறத்திலேயே நிற்கும், ஏனெனில் மனன் அயடீனோடு நீலமாகாது. கொட்டையில் மனனாக இருந்தது பூரானைக் கடந்து கிழங்கில் மாப்பொருளாகத் தங்கியிருக்கிறது. யாருக்காக என்ற மூன்றாவது கேள்விக்கும் விடை வந்துவிட்டது: கன்றுக்காக. ஒடியலுக்கும் புழுக்கொடியலுக்கும் நாம் எடுத்துக்கொள்வது அந்தக் கன்றின் சேமிப்பை. அயடீன் பட்ட துண்டுகளை எறிந்துவிடுங்கள்.

கிழங்கும் வேர் அல்ல என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். நாம் உரித்தெறியும் காய்ந்த தோல் வித்திலையின் உறை. உள்ளே தின்பது கன்றின் முதல் இலைமடல் பருத்தது.

சொல்லைப் பயன்படுத்தும்போது

'பனங்கொட்டையின் வித்தகவிழையமே பூரான்' என்பது பிழை. வித்தகவிழையம் உணவு; பூரான் அதைப் பருகும் வித்திலை நுனி. 'பூரான் பனையின் முளையம்' என்பதும் பிழை, முளையத்தின் ஒரு பகுதி மட்டுமே அது. 'ஹோஸ்டோரியம் ஒட்டுண்ணிகளில் மட்டும் காணப்படும்' என்பது குருவிச்சையை மட்டும் படித்ததால் வருகிற பிழை.

'பனை முளைக்கும்போது வித்திலையின் நுனி விதைக்குள் தங்கி, பருகியாக விருத்தியடைந்து, வித்தகவிழையத்திலிருந்து உணவை உறிஞ்சி வளரும் கன்றுக்கு அனுப்புகிறது' என்று எழுதினால் மூன்று விடையும் ஒரே வசனத்தில் வந்துவிடும்.

தென்னையிலும் இதே கதைதான், முளைத்த தேங்காய்க்குள் இருப்பதும் பூரான். தமிழ்நாட்டில் அதைத் தேங்காய்ப்பூ என்கிறார்கள். நமக்குத் தேங்காய்ப்பூ என்றால் துருவின தேங்காய். விளக்கப்படத்துக்குப் பெயரிடும்போது குழப்பம் வராமல் பருகி என்றே போடுங்கள்.

வேலியில் படரும் கொத்தான் என்ற ஒட்டுண்ணிக் கொடியை ஒரு முழம் இழுத்துப் பாருங்கள். கொடி தண்டைத் தொடுகிற இடத்தில் சிறு புடைப்புகள் வரிசையாக இருக்கும். ஒவ்வொன்றும் ஒரு பருகி. மாமரத்துக் குருவிச்சையில் அது கிளைக்குள் புதைந்திருப்பதால், ஒட்டிய இடத்தைக் கிளையோடு வெட்டி எடுத்து நீளவாட்டில் பிளக்க வேண்டும். சந்தனம் வெளியே பச்சையாக நிற்கும், பருகிகள் மண்ணுக்குள் அயல்மரத்தின் வேரில் இருக்கும். சாம்பல் நோயின் பருகிக்கு நுணுக்குக்காட்டி இல்லாமல் முடியாது.

பாத்தியில் மிஞ்சிய கொட்டைகளை வடலியாக்க நினைத்தால் பிடுங்கி நட வேண்டாம். வளரும் நுனி ஆழத்தில் இருப்பதால் பிடுங்கும்போது அறுந்துவிடும். அடுத்த ஆவணியில் புதுக் கொட்டையை மரம் நிற்க வேண்டிய இடத்திலேயே நேராகப் புதையுங்கள்.