தாலியோவின் முகத்தைத் தேடிப் பார்ப்பது எப்படி

1942இல் எடுத்த ஹாலிவுட் படம் 'காசாபிளாங்கா'வை இரண்டு முறை பார்த்தும் மார்செல் தாலியோவை நான் கவனிக்கவில்லை. சக்கரத்தைச் சுழற்றி எண்ணில் பந்தயம் கட்டும் ரூலெட் சூதாட்ட மேசையைப் பார்த்துக்கொள்ளும் எமில் அவர்தான். டைட்டிலில் பெயர்கூடக் கிடையாது. ஒரு குணச்சித்திர நடிகரின் வாழ்க்கையைப் படங்கள் வழியாகவே தெரிந்துகொள்ள ஆசையா? இந்த பிரெஞ்சுக்காரரிடமிருந்து தொடங்குங்கள். ஆனால் அந்தப் படத்திலிருந்து தொடங்காதீர்கள். வருட வரிசையில் போனால்தான் அதன் கனம் தெரியும்.

முதலில் 1937இல் ழான் ரெனுவார் எடுத்த 'கிராண்ட் இல்யூஷன்'. முதல் உலகப்போர்க் காலத்துக் கைதிகள் முகாம். தாலியோவுக்கு ரோசந்தால் என்ற வசதியான யூதர் வேடம். வீட்டிலிருந்து வரும் பார்சலைப் பிரித்து அறையில் இருப்பவர்களுக்கெல்லாம் சாப்பாடு போடுவார். தப்பிப் போகும் வழியில் கால் சுளுக்கிக்கொள்ளும். கூட வரும் ழான் காபேன் கோபத்தில் விட்டுவிட்டு நடக்கிறார். இவர் தனியாக உட்கார்ந்து ஒரு குழந்தைப் பாட்டை உரக்கப் பாடுகிறார். எனக்கு அழுகை வரும் இடம் அது.

அடுத்து, 1939இல் வந்த 'ரூல்ஸ் ஆஃப் தி கேம்'. இதற்கு ஒரு முழு மாலையை ஒதுக்குங்கள். இங்கே அவர் இசைப் பொம்மைகள் சேர்க்கும் பிரபு. வேலைக்காரர்களின் சாப்பாட்டு மேசையில் அவருடைய பூர்வீகத்தைப் பேசும்போது ஃபிராங்க்ஃபர்ட்டிலிருந்து வந்த ஒரு ரோசந்தாலின் பெயர் அடிபடும். முந்தைய படத்தின் அதே பெயர்! அதனால்தான் வரிசை முக்கியம் என்கிறேன்.

தான் புதிதாக வாங்கிய, தானாகவே இசைக்கும் பெரிய இயந்திர ஆர்கனை அவர் விருந்தினருக்குக் காட்டும் காட்சியை மட்டும் இன்னொரு தடவை போடுங்கள், சப்டைட்டில் இல்லாமல். கீழே எழுத்தைப் படித்தால் மேலே முகம் போய்விடும். கேமரா ஆர்கனின் மேல் மெதுவாக நகர்ந்து அவரிடம் வந்து நிற்கிறது. பெருமை, உடனே கூச்சம், மறுபடி பெருமை. பிள்ளை மேடையில் பாடும்போது ஓரமாக நிற்கும் அப்பாவின் முகம் அது. நான் அதை எத்தனை தடவை போட்டிருப்பேன் என்று கணக்கில்லை.

சரி, இப்போது கொஞ்சம் வரலாறு. 1940 ஜூனில் அவரும் மனைவி மாதலேன் லெபோவும் பாரிஸை விட்டு ஓடி, லிஸ்பன் வழியாகத் தப்பினார்கள். நாஜிகள் இவர் முகத்தைச் சுவரொட்டியில் போட்டு, 'யூதன் இப்படித்தான் இருப்பான்' என்று காட்டினார்கள். பெற்றோர் வதைமுகாமில் மாண்டார்கள்.

இதைத் தெரிந்துகொண்டபின் 'காசாபிளாங்கா'வைப் போடுங்கள். 22ஆம் எண் இரண்டு முறை விழும்போது எமிலைக் கவனியுங்கள். கண்ணீரோடு பிரெஞ்சு தேசிய கீதம் பாடும் இவோன், லெபோதான். பாரிஸில் பிரபுவாக நடித்தவருக்கு மூன்றே வருடத்தில் இங்கே மிஞ்சியது சூதாட்ட மேசை.

ஹாலிவுட்டில் அப்புறம் செய்தவற்றில் 'டு ஹேவ் அண்ட் ஹேவ் நாட்' மட்டும் போதும், 1944. அதில் ஹோட்டல்காரர்.

கடைசியாக, 1973இல் பிரான்ஸில் வந்த 'ரபி ஜேக்கப்'. நகைச்சுவை நடிகர் லூயி த ஃபுனேஸின் படம் என்றே எல்லோருக்கும் தெரியும். ரபி என்றால் யூத மதகுரு; நிஜ ரபி ஜேக்கப்பாக வருபவர் எழுபதைத் தாண்டிய தாலியோ. தொடக்கத்தில் நியூயார்க்கில் தெருவே கூடி அவரை வழியனுப்புகிறது. அங்கே நிறுத்தி, தாடிக்கு மேலே கண்களை மட்டும் பாருங்கள். ஆர்கன் பக்கத்தில் நின்றவர் தெரிவார்.