இரண்டு மாநிலக் கிளைகளை ஒரே இஆர்பிக்குள் கொண்டுவருவது எப்படி?

தமிழ்நாடு-கேரள எல்லையான வாளையாருக்கு இந்தப் பக்கம் கோயம்புத்தூர், பொள்ளாச்சி. அந்தப் பக்கம் பாலக்காடு, கொழிஞ்சாம்பாறை. நான்கு ஊரிலும் குடோன் வைத்திருக்கும் ஓர் அரிசி நிறுவனத்தில் கணினிப் பொறுப்பு என்னுடையது. கிளைக்கு ஒரு டேலி (கணக்கு மென்பொருள்), கிளைக்கு ஒரு வாட்ஸ்அப் குழு என்று இருந்ததை ஒரே இஆர்பிக்கும் (கணக்கு, இருப்பு, விற்பனை எல்லாம் ஒன்றாக ஓடும் மென்பொருள்) ஒரே அரட்டைத் தளத்துக்கும் மாற்ற 14 மாதம் ஆனது. அதில் 5 மாதம் ஒரே படியில் சிக்கிக் கிடந்தோம். உங்களுக்கு அது நடக்கக் கூடாது.

சர்வர், பேக்கப் பற்றி இங்கே எழுதவில்லை.

படி 1: டெமோவுக்கு முன் குடோன்

மென்பொருள் விற்பவரை டெமோவுக்குக் கூப்பிடும் முன் ஒவ்வொரு கிளையிலும் ஒரு முழு நாள் உட்காருங்கள். எங்கள் கொழிஞ்சாம்பாறை குடோனில் நெல் லாரி வந்தால், எடைச்சீட்டின் பின்பக்கம் பென்சிலில் ஈரப்பதத்தை எழுதுவார்கள். விலையில் எவ்வளவு பிடிப்பது என்பதை அந்த எண்தான் முடிவு செய்யும். நாங்கள் பார்த்த எந்த டெமோவிலும் அதற்கு ஒரு கட்டம் இல்லை.

படி 2: பெயர்ப் பட்டியல் (5 மாதம் போனது இங்கேதான்)

நான்கு டேலியிலிருந்தும் சரக்கு, வாடிக்கையாளர் பட்டியல்களை எடுத்து அப்படியே ஏற்றினோம். மறுவாரமே இருப்புக் கணக்கு உதைத்தது. பொள்ளாச்சியில் 'புழுங்கல்' என்று இருந்த அதே அரிசி பாலக்காட்டில் 'புழுக்கலரி'. இங்கே 'சிப்பம்', அங்கே 'சாக்கு'. அப்புறம் பை எடை. 2022 ஜூலை 18 முதல் 25 கிலோ வரையிலான லேபிள் ஒட்டிய பைக்கு 5 சதவீத வரி வந்ததும் ஆலைகள் 26 கிலோ பை போட ஆரம்பித்தன. எங்கள் ஒரு கிளையில் இரண்டையும் ஒரே பெயரில் வைத்திருந்தார்கள். ஒன்றுக்கு வரி உண்டு, இன்னொன்றுக்கு இல்லை. இரண்டும் தனித்தனிச் சரக்காகத்தான் இருக்க வேண்டும்.

ஆள் பெயர் இன்னும் சிரமம். நாம் முதலெழுத்தை முன்னால் போடுவோம். கேரளத்தில் பெரும்பாலும் பின்னால் வரும், அதுவும் பல நேரம் வீட்டுப் பெயரின் எழுத்தாக இருக்கும். 'கே. மணி', 'மணி கே.' இரண்டும் ஒரே கடைக்காரரா, இரண்டு பேரா என்பதைப் பெயரை வைத்துச் சொல்ல முடியாது.

எங்களைக் காப்பாற்றியது ஜிஎஸ்டி எண். அதன் 15 எழுத்தில் முதல் இரண்டு மாநிலக் குறியீடு (தமிழ்நாடு 33, கேரளம் 32), அடுத்த பத்தும் பான் எண். எக்செல்லில் மூன்றாவது எழுத்திலிருந்து பத்து எழுத்தைப் பிரித்து வரிசைப்படுத்துங்கள். ஒரே பான் எண் இரண்டு தடவை வந்தால் ஒரே ஆள். ஜிஎஸ்டி இல்லாத சின்னக் கடைகளுக்குக் கைபேசி எண்ணை வைத்துக்கொண்டோம். சரக்குக்கு எண் குறியீடு ஒன்று, பக்கத்தில் தமிழிலும் மலையாளத்திலும் பெயர். இந்த வேலையை வெளி ஆளிடம் கொடுக்காதீர்கள். பில் போடுகிறவருக்குத்தான் சரக்கு தெரியும்.

படி 3: ஒரு நிறுவனம், இரண்டு ஜிஎஸ்டி எண்

பான் ஒன்றுதான் என்றாலும் பொள்ளாச்சியிலிருந்து பாலக்காடு குடோனுக்குச் சரக்கு அனுப்பினால் சட்டப்படி அது விற்பனை மாதிரிதான். வரி உள்ள சரக்கென்றால் ஐஜிஎஸ்டியோடு (மாநிலம் விட்டு மாநிலம் போகும் சரக்குக்கான ஜிஎஸ்டி) பில் வேண்டும். கோயம்புத்தூரிலிருந்து பொள்ளாச்சிக்கு டெலிவரி சலான் போதும். நாங்கள் எடுத்த இஆர்பி மென்பொருள் இஆர்பிநெக்ஸ்ட். அதில் இரண்டு நிறுவனம் திறக்காமல், ஒரே நிறுவனத்துக்கு இரண்டு முகவரி கொடுத்து, ஒவ்வொன்றிலும் அதற்குரிய ஜிஎஸ்டி எண்ணைப் போடுங்கள். உங்கள் நிறுவனத்தையே உள் வாடிக்கையாளராகவும் பதிவு செய்ய வேண்டும். இதை விட்டுவிட்டால் கிளை மாற்றமெல்லாம் லாபக் கணக்கில் போய் உட்கார்ந்துவிடும்.

படி 4: அரட்டைத் தளம்

ஏற்கெனவே மைக்ரோசாஃப்ட் உரிமம் இருந்தால் டீம்ஸ் போதும். நான் சோஹோ நிறுவனத்தின் அரட்டைச் செயலியான கிளிக் பக்கம். குடோன் ஆட்கள் அதைச் சீக்கிரம் பழகினார்கள். ஆள் பெயரில் குழு திறக்காதீர்கள். 'பாலக்காடு லாரி', 'விலை' என வேலைக்கு ஒரு சேனல். எங்களிடமிருந்து ஒரு விற்பனையாளர் விலகியபோது மூன்று வருட விலைப் பேச்சும் அவருடைய வாட்ஸ்அப்போடு போய்விட்டது. பேச்சு சேனலில் இருக்கட்டும். ஆர்டரும் ஒப்புதலும் இஆர்பியில் மட்டும்.

படி 5: தேதி

1999-இல் அமெரிக்க சாக்லேட் நிறுவனம் ஹெர்ஷே, புது மென்பொருளை ஜூலையில் எல்லா இடத்திலும் ஒரேயடியாக ஓட்டியது. ஹாலோவீன் ஆர்டர்கள் வந்து குவிந்தபோது கிடங்கில் சரக்கு இருந்தும் அனுப்ப முடியவில்லை. நமக்கு அந்த இடத்தில் ஓணம். ஓணத்துக்கு முந்தைய இரண்டு மாதமும் மார்ச் கடைசியும் வேண்டவே வேண்டாம். சின்னக் கிளை ஒன்றில் ஒரு மாதம் பழையதையும் புதியதையும் சேர்த்து ஓட்டிவிட்டு அடுத்த கிளைக்குப் போங்கள்.

பின்சேர்க்கை: பில் எண்ணை அரசின் தளம் ஏற்க மறுக்கிறது என்று இரண்டு பேர் எழுதியிருந்தார்கள். ஜிஎஸ்டி விதிப்படி பில் எண் 16 எழுத்தைத் தாண்டக் கூடாது. மென்பொருளோடு வரும் வரிசை சில நேரம் அதைவிட நீளம். 2023 ஆகஸ்ட் 1 முதல் 5 கோடிக்கு மேல் வியாபாரம் உள்ளவர்களுக்கு இ-இன்வாய்ஸ் (பில்லை அரசின் தளத்தில் பதிவது) கட்டாயம் என்பதால் இது உடனே மாட்டும். முதல் பில்லுக்கு முன்பே மாநிலத்துக்கு ஒரு வரிசையாக மாற்றிவிடுங்கள். எங்கள் பாலக்காடு வரிசை 32/25/00001 என்று ஆரம்பிக்கிறது, பொள்ளாச்சி 33/25/00001.