கிணற்றுப் பதிவுகளை மென்பொருளில் பகுத்தாய்வது எப்படி?

ஆழ்துளைக்குள் கருவியை இறக்கி அளந்த காமா கதிர், அடர்த்தி, மின்தடைத்திறன் போன்ற பதிவுகள் பெரும்பாலும் எல்.ஏ.எஸ். என்னும் உரைக்கோப்பாகவே கைக்கு வருகின்றன. டெக்லாக், வெல்கேட் போன்ற கட்டண மென்பொருள்களும், பைத்தானில் இயங்கும் லாசியோ என்ற இலவச நூலகமும் இதைப் படிக்கும். எதில் வேலை செய்தாலும் செய்முறையின் வரிசை ஒன்றுதான்.

கோப்பை ஏற்றுவதற்கு முன் அதைச் சாதாரண உரைத் திருத்தியில் திறந்து, தலைப்பகுதியை வரிவரியாகப் படியுங்கள். ஆழ இடைவெளி 0.1524 என்றிருந்தால் அலகு மீட்டர். அது சரியாக அரை அடி. 0.5 என்றிருந்தால் அலகு அடியாக இருக்கவே வாய்ப்பு அதிகம். அடுத்து, அளவீடு இல்லாத இடங்களை நிரப்பும் எண்ணைப் பாருங்கள். வழக்கமாக அது -999.25. தலைப்பில் அவ்வாறு எழுதிவிட்டுத் தரவில் -9999 என நிரப்பியிருந்தால், மென்பொருள் அதை உண்மையான அளவீடாகவே எடுத்துக்கொள்ளக்கூடும்.

அதன் விளைவு களிப்பாறை அளவைக் கணக்கிடும்போது தெரியும். ஓர் ஆழத்தின் காமா அளவிலிருந்து தூய மணற்கல்லின் அளவைக் கழித்து, களிப்பாறைக்கும் மணற்கல்லுக்கும் உள்ள வேறுபாட்டால் வகுக்க வேண்டும். மணற்கல் 20, களிப்பாறை 120, நம் ஆழத்தில் 60 என்றால் விடை 0.40. சிறும அளவை மென்பொருளே எடுக்கட்டும் என்று விட்டு, அது -9999-ஐப் பிடித்துக்கொண்டால், அதே இடம் 0.99 எனக் காட்டும். நம்பத்தக்க எண்ணாகத் தோன்றுவதால் இப்பிழை எளிதில் தப்பிவிடும். ஆகவே இரு எல்லைகளையும் வரைபடத்தைப் பார்த்து நீங்களே குறியுங்கள். இந்த 0.40-ஐ அப்படியே களிப்பாறை விகிதமாகக் கொள்வதும் மிகை. இதைத் திருத்தும் லாரியோனோவ் சமன்பாட்டின்படி மூன்றாம் நிலைக் காலத்து இளம் பாறைகளில் அது ஏறத்தாழ 0.15, அதற்கு முந்தையவற்றில் 0.24. பொட்டாசியம் மிகுந்த ஃபெல்ட்ஸ்பார் மணற்கல்லும் காமா அளவை உயர்த்தும் என்பதால், துரப்பணத்தில் வெளிவந்த பாறைத் துகள்களின் விவரத்தையும் அருகில் வைத்துக்கொள்ள வேண்டும்.

நுண்துளைமைக்கு, அதாவது பாறையில் வெற்றிடம் எவ்வளவு என்ற கணக்குக்குப் போகுமுன், துளையின் விட்டத்தைக் காட்டும் காலிப்பர் வளைவைத் துரப்பண முனையின் விட்டத்தோடு ஒப்பிடுங்கள். துளைச்சுவர் அரித்து அகன்ற இடத்தில் அடர்த்திக் கருவி பாறையோடு சேற்றுநீரையும் சேர்த்து அளக்கும். பாறைத் துகளின் அடர்த்தி 2.65, நீரின் அடர்த்தி 1.0 எனக் கொண்டால், 2.32 என்ற அளவு 20 சதவீத நுண்துளைமையைத் தரும். அதே பாறை அகன்ற துளையில் 2.10 எனப் பதிவானால் விடை 33 சதவீதமாகிவிடும். அத்தகைய ஆழங்களைக் கணக்கிலிருந்து விலக்குவதே என் பரிந்துரை. சராசரியால் நிரப்பி ஒப்பேற்றுவது பிழையை மறைக்குமே தவிர நீக்காது. பாறை சுண்ணாம்புக்கல் என்றால் 2.65-க்குப் பதிலாக 2.71-ஐ இட வேண்டும்.

நீர்ச்செறிவை, அதாவது அந்த வெற்றிடத்தில் நீர் நிரம்பியுள்ள பங்கைக் கணக்கிட 1942-இல் ஆர்ச்சி வெளியிட்ட சமன்பாடு எல்லா மென்பொருளிலும் உண்டு. அது களிமண் கலவாத பாறைக்கானது. நீரின் மின்தடைத்திறனை அந்த ஆழத்தின் வெப்பநிலைக்கு மாற்றிய பின்பே அதில் இட வேண்டும். முடிவுகளைப் புதிய எல்.ஏ.எஸ். கோப்பாகச் சேமிக்கும்போது, எடுத்துக்கொண்ட எல்லைகள், அடர்த்திகள், விலக்கிய ஆழங்கள் ஆகியவற்றையும் அதன் குறிப்புப் பகுதியில் எழுதிவிடுங்கள்.