பிரஷ்ய இளவரசத் தளபதியின் வாழ்க்கைக் குறிப்பைச் சரிபார்ப்பது எப்படி?

பழைய ஜெர்மானிய அரசான பிரஷ்யாவின் அரச குடும்பத்தில் பிறந்து படை நடத்திய ஒருவரைப் பற்றிய குறிப்பைச் சரிபார்க்கும்போது, தேதிகளைத் தேடப் போகுமுன் ஆள் யாரென்பதை உறுதி செய்துகொள்ள வேண்டும். ஹோஹென்சோலர்ன் எனப்படும் அந்தக் குடும்பத்தில் அதே பெயர்கள் தலைமுறைதோறும் திரும்பி வரும். 1866இல் ஆஸ்திரியாவுக்கு எதிரான கோனிக்கிரேட்ஸ் போரில் முதலாம் படையை நடத்திய இளவரசர் பிரீட்ரிக் கார்ல் 1828இல் பிறந்தவர். 1912 ஒலிம்பிக்கில் குதிரையேற்றத்தில் வெண்கலம் வென்ற பிரீட்ரிக் கார்ல் அவருடைய பேரன். பெயருக்குப் பக்கத்திலேயே பிறந்த ஆண்டையும் தந்தை பெயரையும் எழுதி வைத்தால் பாதிக் குழப்பம் தீரும்.

மீதிக் குழப்பம் 1828இல் பிறந்த பிரீட்ரிக் கார்லின் பெரியப்பா மகனான பட்டத்து இளவரசர் பிரீட்ரிக் வில்ஹெல்மால் வருவது. 1866இல் இரண்டாம் படை அவரிடம் இருந்தது. 1870இல் பிரான்சுடன் நடந்த போரில் அதே எண்ணுடைய படை பிரீட்ரிக் கார்லிடம் வந்தது, பட்டத்து இளவரசர் மூன்றாம் படைக்குப் போனார். பிரான்சின் மெட்ஸ் கோட்டை சரணடைந்த மறுநாள், 1870 அக்டோபர் 28 அன்று, இருவருமே பீல்டு மார்ஷல் ஆனார்கள். போதாதென்று, பிரீட்ரிக் கார்ல் 1885 ஜூன் 15 அன்றும், மூன்றாம் பிரீட்ரிக் என்ற பெயரில் பேரரசராகிவிட்ட பட்டத்து இளவரசர் 1888 ஜூன் 15 அன்றும் இறந்தார்கள். எனவே ஆண்டு குறிப்பிடாத "இரண்டாம் படைத் தளபதி" என்ற வரியை யாருக்கும் சான்றாகக் கொள்ளக் கூடாது.

பதவிகளைப் படிக்கும்போது, படைப்பிரிவின் 'ஷெஃப்' என்பது கௌரவப் பட்டம் என்பதையும், அந்தப் பிரிவை உண்மையில் நடத்தியவர் 'கொமாண்டர்' என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும். பிரிட்டனின் விக்டோரியா மகாராணிகூட ஒரு பிரஷ்யக் குதிரைப்படைப் பிரிவுக்கு ஷெஃப்பாக இருந்தார். பத்து வயதில் லெப்டினன்ட் ஆனார் என்றிருந்தால் அச்சுப்பிழை என்று அடித்துவிட வேண்டாம், அது அந்தக் குடும்பத்து வழக்கம்.

போட்ஸ்டாமிலிருந்த ராணுவ ஆவணக் காப்பகம் 1945 ஏப்ரல் குண்டுவீச்சில் எரிந்துபோனதால், அச்சில் வந்த அதிகாரிகள் தரவரிசைப் பட்டியல்களையும் ஐரோப்பிய அரச குடும்பங்களைப் பட்டியலிடும் கோத்தா வம்சாவளி ஆண்டேட்டையும் நம்ப வேண்டியிருக்கிறது. அரச குடும்பத்தின் தாள்கள் பெர்லினின் டாலெம் பகுதியிலுள்ள அரசு ஆவணக் காப்பகத்தில் கிடைக்கும். மூன்று நூல்கள் ஒத்துப்போனாலும், மூன்றும் ஒரே மூலத்தைப் பார்த்து எழுதியவையா என்று கவனியுங்கள். பழைய ஜெர்மன் அச்செழுத்தில் நீண்ட 'எஸ்' எழுத்தும் 'எஃப்' எழுத்தும் ஏறத்தாழ ஒன்றுபோலவே இருப்பதால், ஊர்ப்பெயர்களை எழுத்தெழுத்தாகப் பாருங்கள். ரஷ்யாவில் எழுதப்பட்ட 19ஆம் நூற்றாண்டுக் கடிதத்தில் தேதி சரியாக 12 நாள் பின்தங்கியிருந்தால், அது பெரும்பாலும் பிழையன்று, அன்று ரஷ்யாவில் வழங்கிய பழைய ஜூலியன் நாட்காட்டி.