செந்தொப்பி மந்திரிமார்: பிரெஞ்சுக் கர்தினால்களைப் பற்றிக் கட்டுரை எழுதும் முறை

பிரெஞ்சு அரசர்களுக்கு மந்திரிகளாக இருந்த கர்தினால்களைப் பற்றிய பரீட்சைக் கேள்விக்கு, “பிரான்சை மதகுருமார் ஆண்டனர்” என்று தொடங்கும் விடை முதல் வரியிலேயே தடம் மாறிவிடுகிறது. ஐரோப்பிய வரலாறு படிக்கும் யாழ்ப்பாணத்துப் பிள்ளைகளுக்குக் கர்தினால் (பாப்பரசருக்கு அடுத்த நிலையிலுள்ள, செந்தொப்பி அணியும் குரு) என்றதும் பாப்பரசர் தேர்தல்தான் நினைவுக்கு வரும். அதனால் வரும் பிழை இது. 17ஆம் நூற்றாண்டில் பிரான்சின் முதன்மை மந்திரிகளாக இருந்த கர்தினால்கள் ரிஷலியூ, மசாரின் இருவரும் அரசனுடைய ஆட்கள். அவர்களுக்குக் கூலி கொடுத்தது திருச்சபையின் சொத்து. கட்டுரை முழுவதும் இந்த ஒரு கருத்தைச் சுற்றியே போகவேண்டும்.

பேனை எடுத்ததும் கொப்பியின் கடைசிப் பக்கத்தில் மூன்று நிரல் போடுங்கள்: பெயர், அதிகாரத்துக்கு வந்த ஆண்டு, கர்தினாலான ஆண்டு. ரிஷலியூ: அதிகாரம் 1624, தொப்பி (அதாவது கர்தினால் பதவி) 1622. மசாரின்: 1643, 1641. டுபுவா: 1722, 1721. இதுவரை தொப்பி முந்துகிறது. ஆனால் டுப்ரா 1515இல் சான்சலராகி (நீதித்துறைக்குத் தலைமை தாங்கும் மந்திரி), 1527இல்தான் கர்தினாலானார். ஃப்ளூரிக்கு 1726 ஜூனில் அதிகாரம், செப்டெம்பரில் தொப்பி. லொமெனி டி பிரியென் 1788 ஓகஸ்டில் பதவியிழந்து, டிசெம்பரில் கர்தினாலானார். ஆக, தொப்பி சிலருக்கு ஏணி, சிலருக்குச் சம்பளம், ஒருவருக்கு ஆறுதல் பரிசு. இந்த நிரலை மனப்பாடம் செய்து ஒப்புவிப்பதில் பயனில்லை. நிரலைப் பார்த்து நீங்கள் எடுக்கும் முடிவைத்தான் விடையில் எழுதவேண்டும்.

அடுத்தது ‘ஏன் குருமார்?’ என்ற கேள்வி. விடையின் பாதி எடை இதில் இருக்கிறது, ஆறுதலாக எழுதுங்கள். 1516இல் முதலாம் பிரான்சுவா பாப்பரசரோடு செய்த பொலோஞ்ஞா உடன்படிக்கையால், ஆயர்களையும் பெரிய மடங்களின் தலைவர்களையும் நியமனம் செய்யும் உரிமை அரசனுக்கு வந்தது. மடத்துக்குப் போகாமலே அதன் வருமானத்தை எடுக்கும் ‘பெயரளவு மடாதிபதி’ முறையும் பரவலாக இருந்தது. கஜானாவைத் திறக்காமலே அரசன் தன் மந்திரியைப் பணக்காரனாக்கலாம். மசாரின் இறக்கும்போது அவருடைய சொத்து ஏறத்தாழ 350 இலட்சம் லீவ்ர் (அக்காலப் பிரெஞ்சு நாணயம்). அவர் பல மடங்களுக்குத் தலைவர். குருப்பட்டம் மட்டும் பெற்றதேயில்லை.

ரிஷலியூ குருவான கதையும் இதற்குப் பொருத்தம். லூசோன் ஆயர் பதவி அவர்கள் குடும்பத்தின் கையில் இருந்தது. அதற்கு நிற்கவேண்டிய அண்ணன் துறவு மடத்துக்குப் போய்விட, முதுசக் காணி கைவிட்டுப் போகாமல் பார்ப்பதுபோல, படைத்துறைக்குப் போகவிருந்த தம்பியை ஆயராக்கினார்கள். 1607இல் அவருக்கு வயது 21. அது ஆயராகும் வயதல்ல. உரோமாபுரியில் விதிவிலக்குப் பெறவேண்டி வந்தது.

இன்னொரு காரணம், பிரபு ஒருவனுக்குக் கோட்டை, படை, வாரிசு எல்லாம் உண்டு. கர்தினாலுக்குச் சட்டப்படி பிள்ளை கிடையாது. இதை எழுதினால் மருமக்களை மறக்கவேண்டாம்: மசாரின் தன் சகோதரிகளின் பெண்களைப் பெரிய பிரபு வீடுகளில் கட்டிக்கொடுத்தார். தொப்பி இருந்தால் விசுவாசம் வந்துவிடும் என்றும் எழுதவேண்டாம். 1648இல் தொடங்கிய, அரசாங்கத்துக்கு எதிரான ஃப்ரொண்ட் கலகத்தில் மசாரினுக்கு எதிராக நின்ற ரெட்ஸும் கர்தினால்தான். 1652 டிசெம்பரில் கைதானார்.

மொழிபெயர்ப்பில் விழும் குழிகள் இரண்டு. ‘பார்லமோன்’ என்ற பிரெஞ்சுச் சொல்லைப் பாராளுமன்றம் என்று எழுதினால் ஃப்ரொண்ட் பற்றிய பந்தி முழுவதும் கெட்டுப்போகும். அது நீதிமன்றம். அரசனின் கட்டளைகளைப் பதிவுசெய்யும் உரிமை அதற்கு இருந்ததால்தான் 1648இல் வரி விடயத்தில் மசாரினை மறிக்க முடிந்தது. இரண்டாவது, ‘பிரதமர்’. எங்கள் நாட்டுப் பிரதமரை மனதில் வைத்து எழுதினால் பெரும்பான்மை, நம்பிக்கை வாக்கெடுப்பு எல்லாம் உள்ளே வந்துவிடும். அங்கே இருந்தது ஒரே ஒரு வாக்கு, அரசனுடையது. ‘முதன்மை மந்திரி’ என்று எழுதுங்கள்.

அந்த ஒரு வாக்கின் பலத்தைக் காட்ட ஒரு நிகழ்ச்சியை மட்டும் விரித்து எழுதுங்கள்; ஐந்தாறைத் தொட்டுவிட்டுப் போவதைவிட அது நல்லது. 1630 நவெம்பர் 10ஐ எடுக்கலாம். பாரிஸின் லக்சம்பூர்க் மாளிகையில் தாயரசி மரி டி மெடிச்சி, ரிஷலியூவை விலக்கு என்று மகன் 13ஆம் லூயியிடம் நின்றுபிடிக்கிறார். கதவுகள் எல்லாம் பூட்டு. சிற்றாலயத்துப் பக்கக் கதவு ஒன்று மட்டும் பூட்டப்படவில்லை. அதனூடாக ரிஷலியூ உள்ளே வந்து நிற்கிறார். தாயரசி வாய்க்கு வந்தபடி ஏச, அரசன் ஒன்றும் சொல்லாமல் போய்விடுகிறான். ரிஷலியூ தொலைந்தார் என்று நம்பிய அரசவையினர் தாயரசியை வாழ்த்த ஓடுகிறார்கள். மறுநாள் வெர்சாய் வேட்டை மாளிகையில் அரசன் ரிஷலியூவை அழைத்துப் பதவியை உறுதி செய்கிறான். தாயரசியின் பக்கம் நின்ற முத்திரைக் காப்பாளர் மரியாக் சிறைக்குப் போகிறார். அதனால் அது ‘ஏமாந்தோர் நாள்’. தாயரசி பின்னர் நாட்டை விட்டோடி 1642இல் கொலோனில் இறந்தார்.

‘மதமா, அரசா?’ என்ற கேள்வி வந்தால் இரண்டு சம்பவங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். 1627–28இல் புரட்டஸ்தாந்தரின் லா ரொஷேல் துறைமுகத்தின் வாயை ஏறத்தாழ ஒன்றரைக் கிலோமீற்றர் நீள அணையால் ரிஷலியூ அடைத்தார். சுமார் 27,000 பேரில் ஐயாயிரத்துச் சொச்சம் பேரே மிஞ்சினர். அதே மனிதர் 1631இல் புரட்டஸ்தாந்து சுவீடனுக்கு, ஜெர்மனியின் கத்தோலிக்கப் பேரரசனோடு போரிட ஆண்டுக்கு 4 இலட்சம் தாலர் (ஜெர்மன் வெள்ளி நாணயம்) கொடுக்க ஒப்புக்கொண்டார். முதலாவதை மட்டும் எழுதினால் அவர் மதவெறியர் ஆகிவிடுவார். 1629 அலே சமாதானத்தில் கோட்டைகளைப் பறித்துவிட்டு வழிபாட்டு உரிமையை விட்டுவைத்ததையும் சேர்த்தால்தான், அவர் உடைக்க நினைத்தது நாட்டுக்குள் இருந்த இன்னொரு படையைத்தான் என்பது விளங்கும்.

ஆண்டுகள் மறந்துபோனால் எங்கள் ஊர் வரலாற்றில் கொளுவி வையுங்கள். சங்கிலியன் போர்த்துக்கேயரிடம் வீழ்ந்த 1619இல்தான் ரிஷலியூ அவிஞோன் வனவாசத்திலிருந்து திரும்பினார். ஒல்லாந்தர் யாழ்ப்பாணக் கோட்டையைப் பிடித்த 1658 ஜூனில்தான், குரொம்வெல்லின் ஆங்கிலப் படை துணைநிற்க, மசாரினின் படை டன்கேர்க் மணல்மேடுகளில் ஸ்பெயினை முறியடித்தது. அடுத்த ஆண்டு பிரெனீஸ் சமாதானம்.

நேரத்தை இப்படிப் பிரிக்கலாம்: 45 நிமிடத்தில் நிரலுக்கு 5, ‘ஏன் குருமார்’ பகுதிக்கு 15, ரிஷலியூவுக்கு 12, மசாரினுக்கு 8, மிச்சம் 5 ஃப்ளூரிக்கும் திருத்தத்துக்கும். வழக்கமாக நடப்பது, ரிஷலியூவிலேயே அரை மணி கரைந்து மசாரின் மூன்று வரியில் சுருங்குவது. ஃப்ளூரிக்கு நாலு வரி போதும்: 73 வயதை எட்டும் வேளையில் வந்தார், ‘முதன்மை மந்திரி’ என்ற பட்டத்தை ஏற்காமலே அதிகாரத்தை நடத்தினார், லீவ்ரின் பெறுமதியை நிலைப்படுத்தினார், 1743இல் 89 வயதில் பதவியிலேயே இறந்தார். 1661 மார்ச் 9இல் மசாரின் இறந்த மறுநாளே, இனி முதன்மை மந்திரி வைக்கப்போவதில்லை என்று 14ஆம் லூயி அறிவித்ததை ஃப்ளூரிக்கு முன்னால் எழுதுங்கள், பின்னால் அல்ல. இல்லாவிட்டால் கர்தினால் மந்திரிமார் 1661 வரை இடைவெளியின்றி வந்து அதோடு முடிந்தார்கள் என்ற எண்ணம் வந்துவிடும்.