கழித்தலுக்குப் பின் அடைப்பு வந்தால்

அடைப்புக்குறிக்கு முன்னால் கழித்தல் இருந்தால், அடைப்பை நீக்கும்போது உள்ளே இருக்கும் எல்லா உறுப்புகளின் குறியையும் மாற்றுங்கள். க என்பது தெரியாத எண் என்றால், 7க − (2க − 5) = 7க − 2க + 5 = 5க + 5. பிள்ளைகள் கடைசி உறுப்பை அப்படியே விட்டு 5க − 5 என்று எழுதிவிடுகிறார்கள். மதிப்பெண் போவது இங்கேதான்.

ஊட்டி மண்டியில் கேரட் விற்ற 900 ரூபாயில் கூலி 200 பிடிக்கிறார்கள், அந்தக் கூலியிலேயே 50 குறைக்கிறார்கள் என்று வையுங்கள். 900 − (200 − 50), கைக்கு வருவது 750. குறைத்த 50 நமக்குக் கூடத்தானே செய்கிறது! அதனால்தான் உள்ளே இருந்த கழித்தல் வெளியே வரும்போது கூட்டலாகிறது.

அடைப்புக்கு முன் கூட்டல் இருந்தால் எதையும் மாற்ற வேண்டாம். 9 − (க − 3)² போல அடைப்பின் மேல் வர்க்கம் இருந்தால் இது நேரடியாகச் செல்லாது. முதலில் வர்க்கத்தை விரியுங்கள், அப்புறம் குறியை மாற்றுங்கள்.