கடலூர்ப் பக்கம் நிலம் இருக்கிறதா? அரசோடு எல்லைப் பிரச்சினை வந்தால்

லீவுக்கு ஊர் போனால், "உங்க சுவரு வாய்க்கால் புறம்போக்குல நிக்குதுங்க" என்று வி.ஏ.ஓ. (கிராம நிர்வாக அலுவலர்) சொல்லக்கூடும். உடனே கிரயப் பத்திரத்தைத் தூக்கிக்கொண்டு தாலுகா ஆபீசுக்கு ஓடாதீர்கள். பத்திரத்தில் இருக்கும் நான்கெல்லை விற்றவரும் வாங்கியவரும் எழுதிக்கொண்டது. அரசை அது கட்டுப்படுத்தாது. அரசோடு பேச, அளவுகளோடு நிலத்தை வரைந்து காட்டும் புலப்படம், அதாவது எஃப்.எம்.பி., வேண்டும்.

பட்டா, அ-பதிவேடு (ஒவ்வொரு சர்வே எண்ணும் என்ன வகை நிலம் என்று சொல்லும் அரசுப் பதிவேடு), புலப்படம் மூன்றையும் கிளம்பும் முன்பே வருவாய்த் துறை இணையதளத்தில் எடுத்துவிடலாம். பக்கத்துச் சர்வே எண்ணின் அ-பதிவேட்டையும் எடுங்கள். அது ஓடையா, பாதையா, வெறும் தரிசா என்பதைப் பொறுத்துத்தான் உங்கள் வழக்கின் கதியே. நீர்நிலை என்றால் தலைமுறை தலைமுறையாக அனுபவித்திருந்தாலும் பட்டா கிடைக்காது. ஊர்ப் பெரியவர்கள் சொல்லும் '12 வருஷ அனுபவம்', அதாவது அத்தனை வருஷம் கையில் வைத்திருந்தால் நிலம் சொந்தமாகிவிடும் என்பது, தனியார் நிலத்துக்கான கணக்கு. அரசுக்கு 30 வருஷம்.

1980களில் நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த யூ.டி.ஆர். பதிவில் பரப்பும் பெயரும் மாறிப்போன நிலங்கள் நிறைய. உங்களுடையதும் அப்படியென்றால் பழைய பட்டாவையும் மூலப் பத்திரங்களையும் வைத்து, டி.ஆர்.ஓ.விடம் (மாவட்ட வருவாய் அலுவலர்) திருத்தம் கேட்பதுதான் வழி. அது ஒரு லீவுக்குள் முடிகிற வேலை இல்லை.

பதிவில் தப்பில்லை, எல்லைக் கல்தான் காணோம் என்றால் கட்டணம் கட்டி சர்வேயரை வைத்து அளங்கள். அளக்கும் நாளில் நீங்களோ விவரம் தெரிந்த சொந்தக்காரரோ கண்டிப்பாக நில்லுங்கள்.

நோட்டீஸே வந்துவிட்டதா? 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி, காலி செய்யச் சொல்லும் முன் விளக்கம் கேட்டாக வேண்டும். கெடுவுக்குள் எழுத்தில் பதில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். சித்தப்பா வீட்டு அலமாரியில் தூங்கும் நோட்டீஸ்தான் ஆபத்தானது.

பாகூர்ப் பக்க நிலமென்றால் இந்த ஆபீஸ்கள் எதுவும் பொருந்தாது. அது புதுச்சேரி, அங்கே நில அளவைத் துறையும் தனி, பதிவேடும் தனி.

கோர்ட்டுக்குப் போவதென்றால் அரசுக்கு முதலில் நோட்டீஸ் அனுப்பி 2 மாதம் காத்திருக்க வேண்டும். அவசரமென்றால் மட்டும் கோர்ட் அனுமதியோடு முன்பே தொடரலாம். அதற்குள் உங்கள் லீவு முடிந்துவிடும். அதனால் நம்பிக்கையான ஒருவருக்குப் பவர் (உங்கள் சார்பில் செயல்பட அதிகாரப் பத்திரம்) கொடுங்கள், ஆனால் விற்கும் அதிகாரம் இல்லாமல். பாரிஸிலோ சிங்கப்பூரிலோ கையெழுத்திட்டு அனுப்பினால், இந்தியா வந்து சேர்ந்த 3 மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டியாக வேண்டும்.